கதவுக்கு நாலு எட்டு

மேல் நிலையம்,
மூன்றாம் மாதம், 2

அன்புள்ள அத்தைக்கு,

இங்கே நான் சுகம். உங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது? படி ஏறக்கூடாது என்று டாக்டர் சொன்னதை இந்த முறையாவது காதில் போட்டுக்கொண்டீர்களா?

இந்தக் கப்பலில் உங்கள் பிள்ளை எழுதவில்லையே என்று கோபித்துக்கொள்ளாதீர்கள். சரக்கறையில் மாட்டிக்கொண்டிருக்கிறார். வெளிக்கோள்களிலிருந்து மருந்துப் பெட்டிகள் மலைபோல வந்து இறங்கியிருக்கின்றன. அவரை வெளியே இழுத்துக்கொண்டு வர யாராலும் முடியவில்லை. எனக்கும் விண்ணுடைப் பிரிவில் வேலை கழுத்தை நெரிக்கிறது. இப்போது கையுறைகள் முழுக்க என் பொறுப்பு. விரல் நுனியில் ஒரு தையல் விட்டுப்போனாலும் வெளியே மிதக்கிறவர் உயிர் போய்விடும். அதனால் ஒவ்வொன்றிலும் காற்றை அடைத்துத் தண்ணீருக்குள் அமுக்கி, குமிழி வருகிறதா என்று பார்க்கிறேன். நாள் முழுக்கக் கை ஈரம்.

இதோடு ஒரு சின்னப் பெட்டியில் ஆரஞ்சு அனுப்பியிருக்கிறேன். பறித்து ஒரு வருஷம் ஆகிறது. காம்பு இன்னும் பச்சையாகத்தான் இருக்கும். பயப்படாமல் சாப்பிடுங்கள்.

மருந்தை வேளை தவறாமல் போட்டுக்கொள்ளுங்கள்.

உங்கள் மருமகள்

*

கீழே, வீட்டில்,
மூன்றாம் மாதம், 27

அன்பு மருமகளுக்கு,

உன் கடிதமும் ஆரஞ்சும் வந்து சேர்ந்தன. முழங்கால் முழங்காலாக இருக்கிறது. மூன்றாவது மாடியில் வீட்டை வைத்துக்கொண்டு படி ஏறாதே என்றால் எப்படி? டாக்டரா வந்து தூக்கிக்கொண்டு போவார்? கீழே மருந்துக்கடைக்காரர் நல்ல மனுஷர். காய்கறி வாங்கி வந்தால் பையை மட்டும் மேலே கொண்டுவந்து வைக்கிறார்.

நான் ஓட்டின டிராமை இப்போது ஒரு சின்னப் பெண் ஓட்டுகிறாள். நம் தெரு வளைவில் மணி அடிக்க மறந்துவிடுகிறாள். நேற்று ஜன்னலிலிருந்து ஒரு சத்தம் போட்டேன். இன்றைக்கு அடித்தாள்.

தடியன் ஏன் எழுதவில்லை? அவன் எதையும் ஆற அமரச் செய்கிறவன்தான். பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பு என்றால் ஒரு காலில் செருப்பை மாட்டிக்கொண்டு இன்னொன்றைக் கையில் பிடித்தபடி ஜன்னலில் நிற்பான். ஆனாலும் எனக்கு எழுதாமல் இருந்ததில்லை.

ஒரு சந்தேகம். பழம் கெடாமல் இருக்கத் தாமதி என்று ஏதோ போடுகிறார்களாமே, அது என்ன? மனுஷர் மேல் பட்டால் என்ன ஆகும்? மருந்துக்கடைக்காரரைக் கேட்டால் எல்லாம் தெரிந்தவர் மாதிரி தலையை ஆட்டுகிறார். விவரமாக எழுது.

வேளைக்குச் சாப்பிடு. ஈரக்கையோடு தூங்காதே.

உன் அத்தை

*

மேல் நிலையம்,
நான்காம் மாதம், 20

அன்புள்ள அத்தைக்கு,

இங்கே நான் சுகம். டிராம் பெண்ணை மிரட்டியதைப் படித்துச் சிரித்தேன். ஜன்னலில் ரொம்ப நேரம் நிற்காதீர்கள், முழங்காலுக்கு ஆகாது.

தாமதி என்பது ஒரு துகள். கண்ணுக்குத் தெரியாது, மணம் கிடையாது. அது பரவியிருக்கிற இடத்தில் நேரம் இழுத்துக்கொண்டு நிற்கும். வெளிக்கோள்களிலிருந்து சரக்கு வர வருஷக்கணக்கில் ஆகிறதல்லவா? பெட்டிக்குள் ஒரு குப்பி தாமதியை விட்டுவிட்டால், வெளியே ஒரு வருஷம் போகும்போது உள்ளே ஒரு நொடிதான் போயிருக்கும். உங்கள் ஆரஞ்சுக்குத் தன்னைப் பறித்ததே இன்னும் தெரியாது. இங்கே உள்ளவர்கள் அதற்குச் சோம்பேறி என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

மனிதர் மேல் பட்டாலும் ஒன்றும் செய்யாது, அத்தை. வலிக்காது. பசிக்காது. குளிராது. பட்டது என்றே தெரியாது. இதை நான் நன்றாக விசாரித்துக்கொண்டுதான் எழுதுகிறேன்.

உங்கள் பிள்ளையைத் தினமும் பார்க்கிறேன். வேலை முடிந்ததும் சரக்கறைப் பக்கம் போய்விட்டுத்தான் அறைக்கு வருகிறேன். இளைக்கவில்லை. முகம் தெளிவாக இருக்கிறது. எழுதச் சொல்லித்தான் பார்க்கிறேன்.

இங்கே காற்றுக்குழாய்களைச் சுத்தம் செய்கிறார்கள். எங்கே பார்த்தாலும் ஒரே தூசி. நடைபாதைக்கு நீலச் சாயம் அடிக்கப் போகிறார்களாம்.

உங்கள் மருமகள்

*

கீழே, வீட்டில்,
ஐந்தாம் மாதம், 11

அன்பு மருமகளுக்கு,

நாற்பது வருஷம் வண்டி ஓட்டினவள் நான். டிக்கெட் எடுக்காமல் ஏறுகிறவனைக் கண்ணாடியில் பார்த்தே கண்டுபிடித்துவிடுவேன். எல்லாரும் கைப்பிடியைத் தேடும்போது அவன் மட்டும் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு, மழை வரும்போல இருக்கே என்பான்.

நடைபாதைக்கு நீலச் சாயம் அடித்தால் எனக்கென்ன, சிவப்பு அடித்தால் எனக்கென்ன?

கல்யாணமான நாளிலிருந்து "நாங்கள் சுகம்" என்றுதான் எழுதுவாய். இந்த இரண்டு கடிதத்திலும் "நான் சுகம்" என்று இருக்கிறது.

அதட்டுகிறேன் என்று நினைக்காதே. நான் இங்கேதான் இருக்கிறேன், எங்கும் ஓடிவிட மாட்டேன். எப்போது சொல்லத் தோன்றுகிறதோ அப்போது சொல். உடம்பைப் பார்த்துக்கொள்.

அத்தை

*

மேல் நிலையம்,
ஆறாம் மாதம், 5

அன்புள்ள அத்தைக்கு,

உங்கள் கடிதத்தை வேலை மேசையிலேயே நின்றபடி படித்தேன். இனி சுற்றி வளைக்கவில்லை. முதலில் ஒன்று: அவன் உயிரோடு இருக்கிறான். ஒரு கீறல்கூட இல்லை.

இரண்டாம் மாதக் கடைசியில் சரக்கறையில் ஒரு தாமதிக் குப்பி விரிசல் விட்டது. அபாய மணி அடித்ததும் உள்ளே இருந்தவர்கள் எல்லாரும் ஓடி வந்துவிட்டார்கள். அவன் மட்டும் கடைசி வரிசையில் பெட்டிகளை இறுக்கிக் கட்டிக்கொண்டிருந்தான். அதற்கு முந்தின வாரம்தான் இதே மணியை அடித்து ஒத்திகை நடத்தியிருந்தார்கள். இதுவும் ஒத்திகை என்று நினைத்துவிட்டான். மேற்பார்வையாளர் கதவில் நின்றுகொண்டு, "டேய், நெஜமாவே கசியுதுடா! ஓடி வா!" என்று கத்தியிருக்கிறார். "இதோ வந்துட்டேன்" என்று சொல்லிக்கொண்டே நடந்து வந்திருக்கிறான். அவன் "இதோ" என்றால் எவ்வளவு நேரம் என்று உங்களுக்குத் தெரியாததா! கதவுக்கு நாலு எட்டு இருக்கும்போது தாமதி அவனைப் பிடித்துவிட்டது. கதவு தானாகச் சாத்திக்கொண்டது.

கதவில் ஒரு கண்ணாடி உண்டு. அதன் வழியாகப் பார்த்தால், பொழுது சாய்ந்த நேரத்தில் நிற்கிறவன் போல மங்கலாகத் தெரிகிறான். முதல் நாள் வலது கால் கட்டைவிரல் தரையில் இருந்தது. இப்போது பாதம் ஒரு சாண் உயரத்தில் இருக்கிறது. வாய் "வந்துட்டேன்" என்பதில் "டே"க்குத் திறந்தபடி இருக்கிறது. மூன்று மாதமாக அந்த ஒரு எழுத்தைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறான்.

கதவைத் திறக்க முடியாது, தாமதி நடைபாதைக்கும் பரவிவிடும். எட்டிப் பிடித்தால் பிடித்த கையும் அங்கேயே நின்றுவிடும். தானாகக் கலைந்துபோக முப்பத்தெட்டு வருஷம் ஆகும் என்கிறார் நிலைய அதிகாரி. அதுவரை விட்டுவைத்தால் அவனுக்கு ஒரு ஆபத்தும் இல்லையாம். அரை நிமிஷம் நடந்தவன் மாதிரி வெளியே வருவானாம். டாக்டரும் அதையேதான் சொல்கிறார்.

அப்போதுதான் உங்களுக்கு முழங்காலில் அறுவை சிகிச்சை நடந்திருந்தது. பேனாவை எடுத்தால் "சரக்கறையில் மாட்டிக்கொண்டிருக்கிறார்" என்றுதான் வந்தது. அது பொய்யும் இல்லை. அதனால் அப்படியே எழுதிவிட்டேன். என்னைத் திட்டி எழுதுங்கள். எழுதாமல் மட்டும் இருந்துவிடாதீர்கள்.

உங்கள் மருமகள்

*

கீழே, வீட்டில்,
ஆறாம் மாதம், 29

அன்பு மருமகளுக்கு,

எனக்குத் தெரியும்.

உன் முதல் கடிதத்தைக் கொண்டுவந்த கப்பலின் சமையல்காரன் துறைமுகக் கடையில் உட்கார்ந்து சொல்லியிருக்கிறான். அது மருந்துக்கடைக்காரர் காதுக்கு வந்தது. பாவம், அவர் என் தலையைக் கண்டாலே அலமாரிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருந்தார். கடைசியில் மாத்திரை கொடுக்கிற சாக்கில் சொல்லிவிட்டார். அதனால்தான் தாமதி என்றால் என்ன என்று உன்னைக் கேட்டேன். உன் வாயால் வரட்டும் என்று இருந்தேன். வலிக்காது, பசிக்காது என்று எழுதியிருந்தாயே, அன்றைக்குத்தான் எனக்கு ஒரு வாய் சாப்பாடு இறங்கியது.

உன்னை எதற்குத் திட்ட வேண்டும்? அந்தப் பாரத்தை நீ தனியாகச் சுமந்துகொண்டு எனக்கு ஆரஞ்சு வேறு அனுப்பியிருக்கிறாய்.

இந்தக் கடிதத்தில் "அவர்" போய் "அவன்" வந்துவிட்டதைக் கவனித்தேன். இனி எனக்கும் அப்படியே எழுது. வீட்டில் நீங்கள் எப்படிப் பேசிக்கொள்வீர்கள் என்று எனக்குத் தெரியாதா?

ஒன்று கேட்கிறேன். அதிகாரி சொன்னதை எழுதினாய், டாக்டர் சொன்னதை எழுதினாய். நீ என்ன நினைக்கிறாய் என்று ஒரு வார்த்தை இல்லை. இறைப்பான் என்று ஒரு யந்திரம் இருக்கிறதாம், தாமதியை உறிஞ்சி ஆளை வெளியே கொண்டுவருமாம். மருந்துக்கடைக்காரர் எங்கோ படித்திருக்கிறார். அதைப் பற்றி நீ மூச்சே விடவில்லை.

என்னைக் கேட்காதே. எனக்கு அறுபத்தெட்டு. முப்பத்தெட்டு வருஷம் காத்திரு என்றால் என் பதில் என்னவாக இருக்கும்? அது பெற்றவள் சொல்கிற பதிலா, நாள் எண்ணுகிற கிழவி சொல்கிற பதிலா என்று எனக்கே பிரிக்கத் தெரியவில்லை. நீ சொல்.

கையுறைக்கு நடுவில் உன் கையையும் கவனி.

அத்தை

*

மேல் நிலையம்,
ஏழாம் மாதம், 24

அன்புள்ள அத்தைக்கு,

முழங்கால் தேவலையா? நீங்கள் திட்டாமல் எழுதியதைப் படித்துவிட்டு ரொம்ப நேரம் அழுதேன். திட்டியிருந்தால் அழுதிருக்க மாட்டேன்.

நீங்கள் கேட்டதற்குப் பதில். அவன் வெளியே வர வேண்டும். இந்த வருஷமே வர வேண்டும். அதைத்தான் நான் நினைக்கிறேன். இரண்டு கடிதம் எழுதிக் கிழித்துவிட்டு இதை எழுதுகிறேன்.

இறைப்பான் எல்லாப் பக்கமிருந்தும் தாமதியை ஒரே சீராக உறிஞ்ச வேண்டும். ஒரு பக்கம் கூடி ஒரு பக்கம் குறைந்தால் காலுக்கு ஒரு நேரம், தலைக்கு ஒரு நேரம் என்று ஆகிவிடும். நெஞ்சு துடிக்கும், ரத்தம் தலைக்குப் போய்ச் சேராது. இதுவரை மூன்று பேருக்குச் செய்து பார்த்திருக்கிறார்கள். இரண்டு பேர் நடந்து வந்தார்கள்.

விட்டுவைத்தால் அவனுக்கு ஒரு குறையும் வராது. இழப்பெல்லாம் எனக்கும் உங்களுக்கும்தான். அவன் முப்பத்தொரு வயதோடு கதவைத் திறந்துகொண்டு வருவான். எனக்கு அறுபத்தொன்பது ஆகியிருக்கும். "பாட்டி, இங்க என் பொண்டாட்டி நின்னுட்டிருந்தாளே, பாத்தீங்களா?" என்று என்னிடமே கேட்பான். இதை நினைத்தால் ஒரு சமயம் சிரிப்பு வருகிறது, ஒரு சமயம் மூச்சு அடைக்கிறது. ஆனால் எனக்குத் துணை வேண்டும் என்பதற்காக அவன் உயிரைப் பணயம் வைக்க நான் யார்?

அதிகாரியிடம் ஒரு முறை கேட்டேன். இருப்பது ஒரே இறைப்பான். அதுவும் உங்கள் தலைநகரத்துத் தலைமை அலுவலகத்தில் இருக்கிறது. எழுதிக் கேட்டார்கள். முடியாது என்று பதில் வந்தது. அதைக் கேட்டபோது எனக்குக் கொஞ்சம் நிம்மதியாகக்கூட இருந்தது, அத்தை. இனி நான் எதையும் முடிவு செய்ய வேண்டாமே என்று. இதை வேறு யாரிடமும் சொல்லவில்லை.

கொஞ்ச நாளாக அவன் இமை இறங்கிக்கொண்டு வருகிறது.

உங்கள் மருமகள்

*

மேல் நிலையம்,
ஒன்பதாம் மாதம், 20

அன்புள்ள அத்தைக்கு,

உடம்பு சரியில்லையா? கப்பல்கள் வந்து போய்விட்டன, உங்களிடமிருந்து ஒரு வரி இல்லை. தபால் அறையில் பையைக் கவிழ்த்தே காட்டிவிட்டார்கள்.

போன கடிதத்தில் நான் எழுதியது உங்களைப் புண்படுத்திவிட்டதா? முடியாது என்று சொன்னபோது நிம்மதியாக இருந்தது என்றேனே, அதையா? அதை எழுதியிருக்கக் கூடாது.

அவன் கண் முழுக்க மூடிவிட்டது. "கண்ணைச் சிமிட்டுறாரு, அவ்வளவுதாம்மா. திறக்க நாளாகும்" என்கிறார் டாக்டர். எனக்கும் தெரிகிறது. ஆனாலும் கண் திறந்திருந்தவரை என்னைப் பார்ப்பதாக வைத்துக்கொண்டிருந்தேன். நின்று இரண்டு வார்த்தை பேசிவிட்டு வருவேன். இப்போது மூடின கண் முன்னால் போய் நிற்கக் கால் வரவில்லை. நேற்றும் இன்றும் போகவில்லை.

கோபம் என்றால் கோபம் என்று எழுதுங்கள். வெறும் காகிதமாவது அனுப்புங்கள்.

உங்கள் மருமகள்

*

கீழே,
ஒன்பதாம் மாதம், 25

அன்பு மருமகளுக்கு,

இத்தனை நாள் எழுதாததைக் கோபம் என்று நினைத்திருப்பாய். கோபமெல்லாம் இல்லை. நீ பயந்துபோயிருப்பாய் என்று தெரியும், ஆனால் பாதி வேலையில் எழுதி உனக்கு ஆசை காட்ட மனம் வரவில்லை.

உன் கடிதம் வந்த மறுநாள் ரயில் ஏறித் தலைநகரம் போனேன். தலைமை அலுவலகத்தில் ஐந்தாவது மாடி. தாமதிப் பிரிவு அதிகாரியைப் பார்க்க வேண்டும் என்றேன். அவர் இல்லை என்றார்கள். வாசலில் ஒரு பெஞ்சு கிடந்தது, உட்கார்ந்துவிட்டேன். மறுநாளும் போனேன், அதற்கு மறுநாளும். முதலில் காவலாளி விரட்டினான். பிறகு அவனே மெத்தை வைத்த நாற்காலி கொண்டுவந்து போட்டான். நான் ஓட்டின வண்டிக்காக எத்தனை பேர் மழையில் காத்து நின்றிருப்பார்கள்! ஒரு மாதம் நான் காத்திருந்தால் தேய்ந்தா போவேன்?

ஒரு நாள் அதிகாரியே கூப்பிட்டார். "உங்க பையன் அங்க பத்திரமா இருக்காரும்மா. எதுக்கு அவசரப்படறீங்க?" என்றார்.

"ஊறுகாயும் ஜாடிக்குள்ள பத்திரமாத்தான் இருக்கு" என்றேன். "அதைப் பெத்தவன்னு யாரும் வந்து கேக்கறதில்ல."

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டு, "ஏதாவது ஆயிட்டா யாரு பொறுப்பு?" என்றார்.

"நானும் என் மருமகளும். உங்களை ஒரு வார்த்தை கேக்க மாட்டோம்."

"இப்ப எல்லாரும் இப்படித்தாம்மா சொல்லுவாங்க" என்று சொல்லி அனுப்பிவிட்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். மூன்றாவது ஆள் போனபோது அந்த வீட்டார் இவர் சட்டையைப் பிடித்துவிட்டார்களாம்.

என் பெஞ்சில் தினமும் மத்தியானம் ஒரு பெண் வந்து உட்கார்ந்து ரொட்டி சாப்பிடுவாள். நான் காவலாளியிடம் புலம்புவதையெல்லாம் கேட்டுக்கொண்டிருப்பாள், வாயே திறக்க மாட்டாள். அன்றைக்கு நான் வெளியே வந்ததும், "உங்க பையன் எவ்வளவு உயரம்? எந்தக் கால் மேல இருக்கு?" என்று கேட்டாள். நீ எழுதியதை எல்லாம் சொன்னேன். அவள்தான் இறைப்பானை இயக்கும் பொறியாளர். "அந்த மூணாவது ஆளுக்கும் நான்தாம்மா இயக்கினேன்" என்றாள். நான் திரும்பி அவள் முகத்தைப் பார்த்தேன். "அப்ப மெஷின் ரெண்டு பக்கம்தான் உறிஞ்சும். அதுக்கப்புறம் நானே உக்காந்து ஆறு பக்கமா மாத்தினேன். ஆனா ஒண்ணும் ஆகாதுன்னு சத்தியம் பண்ண மாட்டேன்" என்றாள். சத்தியம் பண்ணியிருந்தால் எழுந்து வந்திருப்பேன்.

அவள் உள்ளே போய் அதிகாரியோடு என்ன பேசினாளோ தெரியாது. பத்து நாளில் உத்தரவு வந்தது. இந்தக் கடிதம் வருகிற கப்பலிலேயே அவளும் யந்திரமும் வருகிறார்கள்.

கடைசி வார்த்தை உன்னுடையது. வேண்டாம் என்று தோன்றினால் அவளுக்கு ஒரு வேளை நல்ல சாப்பாடு போட்டுத் திருப்பி அனுப்பு. ஏன் என்று கேட்க மாட்டேன். வேண்டும் என்றால், நீ தனியாகக் கேட்டதாக நினைக்காதே. இரண்டு பேர் கேட்டோம். எது நடந்தாலும் பாதி என் தலையில்.

முழங்காலுக்கு ஒன்றும் இல்லை. பேனா சரியில்லை, அதனால்தான் எழுத்து கோணல்.

அத்தை

*

மேல் நிலையம்,
பத்தாம் மாதம், 30

அன்புள்ள அத்தைக்கு,

நாங்கள் சுகம்.

செய்தி முன்னாலேயே கிடைத்திருக்கும். ஆனாலும் முழுசாக எழுதுகிறேன்.

பொறியாளரை இறங்குதுறையில் பார்த்ததும் நான் கேட்ட முதல் கேள்வி, "அத்தை எப்படி இருக்காங்க?" அவள் விழித்தாள். "உங்ககிட்ட சொல்லலையா? உத்தரவு வந்த அன்னிக்கு மயங்கி விழுந்துட்டாங்க. நான் கிளம்பறப்பகூட ஆஸ்பத்திரியிலதான் இருந்தாங்க" என்றாள். பேனா சரியில்லையா, அத்தை? படுத்தபடி எழுதினால் யார் எழுத்தும் கோணலாகத்தான் வரும். எனக்குத் தெரியக் கூடாது என்று நினைத்தீர்களே! சரி, அந்தக் கணக்கில் நாம் இருவரும் சமம்.

வேண்டும் என்று சொல்லிவிட்டேன். நீங்கள் எழுதிய "இரண்டு பேர் கேட்டோம்" இல்லாமல் என்னால் சொல்லியிருக்க முடியாது.

சரக்கறையைச் சுற்றி ஆறு குழாய் பொருத்தினாள். முதல் நாள் ஒரு மாற்றமும் இல்லை. இரண்டாம் நாள் இமை திறந்தது. காலையில் பார்த்தபோது ஒரு கீற்று, சாயங்காலம் முழுக் கண். என்னையே பார்ப்பது போல இருந்தது. மூன்றாம் நாள் தூக்கிய கால் இறங்கித் தரையைத் தொட்டது. அந்த ஒரு எட்டை வைக்க அவனுக்கு எட்டு மாதம் ஆகியிருக்கிறது.

அடுத்த எட்டுக்கு ஒரு மணி நேரம். பாதி வழியில் இடது கை மட்டும் வெடுக்கென்று முன்னால் போனது. உடம்பு அங்கேயே இருக்க, கை மட்டும் தனியாக ஆடியது. "நிறுத்து! இடப்பக்கம் நிறுத்து!" என்று பொறியாளர் கத்தினாள். அவள் முகத்தில் ரத்தமே இல்லை. நான் கண்ணாடியில் நெற்றியை அழுத்திக்கொண்டு நின்றேன். வேண்டிக்கொள்ளக்கூடத் தோன்றவில்லை. அவள் ஒரு குழாயை மூடி, இன்னொன்றைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திருப்பி, வலப்பக்கத்தையும் இடப்பக்கத்தோடு சேர்த்துக் கொண்டுவந்தாள். கை நின்றது. பிறகு உடம்போடு சேர்ந்து நகர்ந்தது. "சரியாயிடுச்சு... சரியாயிடுச்சு" என்று தனக்குத்தானே முணுமுணுத்தாள்.

அதற்கப்புறம் எல்லாம் கடகடவென்று நடந்தது. மூன்றாவது எட்டு, நாலாவது எட்டு. கதவு திறந்தது. "...ன்" என்றபடி வெளியே வந்தான், அத்தை! வந்தவன் எங்கள் கூட்டத்தைப் பார்த்துத் திகைத்து நின்றான்.

"ஒத்திகைக்கு எதுக்கு இவ்வளவு பேரு?" என்றான். பிறகு என்னைப் பார்த்தான். "ஏய், முடிய எப்ப வெட்டின? காலையில பின்னல் போட்டிருந்தியே?"

ஐந்தாம் மாதம் வெட்டினேன். அதைச் சொல்வதற்குள் அழுகை வந்துவிட்டது. மேற்பார்வையாளர் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டார். பொறியாளர் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"ஏண்டி அழுவற? இப்பத்தானே போனேன்?" என்று அவன் கேட்கக் கேட்க எனக்கு இன்னும் அதிகமாக வந்தது.

டாக்டர் எல்லாச் சோதனையும் செய்துவிட்டார். இடது கை விரல்கள் இரண்டு நாள் மரத்துக் கிடந்தன, இப்போது சரியாகிவிட்டன. நாங்கள் இருவரும் ஒரே வயது என்பது உங்களுக்குத் தெரியும். இப்போது நான் எட்டு மாதம் பெரியவள். "இனிமே மரியாதையாப் பேசு" என்று சொல்லியிருக்கிறேன்.

உங்களுக்குச் செய்தி அனுப்ப ஒலிபரப்பு அறைக்குப் போனேன். பிறப்பு, இறப்பு இரண்டுக்கு மட்டும்தான் குடும்பச் செய்தி அனுப்பலாம் என்று விதியாம். "எதுன்னு போடட்டும்?" என்று அங்கிருந்தவர் கேட்டார். பிறப்பு என்று போடச் சொன்னேன். அவர் அப்படியே போட்டுவிட்டார்.

வருஷக் கடைசியில் எங்கள் இருவருக்கும் விடுப்பு. வருகிறோம். அவன் பக்கத்தில் உட்கார்ந்து உங்களுக்கு எழுதத் தொடங்கியிருக்கிறான். "அம்மா" என்று எழுதிவிட்டு அரை மணி நேரமாக யோசித்துக்கொண்டிருக்கிறான். அவன் முடித்தால் இதோடு வரும், இல்லாவிட்டால் கோபிக்காதீர்கள்.

உங்கள் மருமகள்

*

கீழே, வீட்டில்,
பதினோராம் மாதம், 22

அன்பு மருமகளுக்கு,

நான் வீட்டுக்கு வந்து நாளாகிவிட்டது. மயக்கமெல்லாம் ஒன்றும் இல்லை; வெயில், வெறும் வயிறு, அவ்வளவுதான். இரண்டு மாத்திரையைக் கூட்டியிருக்கிறார்கள். இந்த முறை நிஜத்தைத்தான் எழுதுகிறேன், நம்பு.

உன் செய்தி வந்த கதையைக் கேள். நிலையத்திலிருந்து ஒலிபரப்புச் செய்தி வருகிறது என்றால் என்ன அர்த்தம் என்று இந்தத் தெருவுக்கே தெரியும். நம் வீட்டில் பிறப்புக்கு வழியில்லை. மருந்துக்கடைக்காரர் காகிதத்தைக் கையில் பிடித்துக்கொண்டு மூன்று மாடியையும் ஓடியே ஏறியிருக்கிறார். வாசலில் நின்று மூச்சு வாங்குகிறார், வாங்குகிறார், ஒரு வார்த்தை வரவில்லை. கண்ணில் தண்ணீர் வேறு. நான் சுவரைப் பிடித்துக்கொண்டேன். "சொல்லித் தொலையுங்க!" என்று கத்தினேன். அவர் காகிதத்தை நீட்டினார். என் கண்ணாடி உள்ளே இருந்தது. அதை எடுக்கப் போகிற பத்தடியில் நான் என்னவெல்லாம் நினைத்தேன் என்று உனக்கு எழுத மாட்டேன்.

"பிறப்பு. ஆண். நலம். நடந்து வந்தான்."

படித்துவிட்டு அவரை ஓங்கி ஒரு அடி வைத்தேன். அவர் வாங்கிக்கொண்டு சிரித்தார். பிறகு இருவரும் உட்கார்ந்து தேநீர் குடித்தோம். அவர் போனதும் பட்டப்பகலில் படுத்தேன். மறுநாள்தான் எழுந்தேன். மனுஷர் நடுவில் இரண்டு தரம் வந்து மூச்சு இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் போனாராம்.

தடியன் கடிதம் வந்தது. நாலு வரி. அதில் இரண்டு வரி, அவனுடைய மத்தியானச் சாப்பாட்டை எட்டு மாதம் முன்பு யாரோ தின்றுவிட்டார்கள் என்ற புகார். நல்லபடியாகத்தான் இருக்கிறான்.

நீங்கள் வருகிற அன்றைக்குத் துறைமுகத்துக்கு நானே வருவேன். டாக்டரிடம் சொல்லாதே. பிள்ளையைப் பார்க்கத்தான் கிழவி ஓடி வருகிறாள் என்று எல்லாரும் நினைப்பார்கள், நினைக்கட்டும். அவனுக்கு என்ன, நாலு எட்டு நடந்தான். இந்த வருஷத்தை நாள் தவறாமல் வாழ்ந்தவள் நீ.

அதனால் கப்பலிலிருந்து நீ முதலில் இறங்கு. அவனைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் வரச் சொல்.

உன் அத்தை